எட்டாயிரத்து ஐந்நூறு எந்த மாசம் வந்தது?



ஜூன் 29 புள்ளியியல் தினம். 1893-ஆம் ஆண்டு அதே தேதியில் பிறந்த பேராசிரியர் பி.சி. மகலனோபிஸ் நினைவாக 2007 முதல் நம் நாட்டில் இந்த நாள் கொண்டாடப்படுகிறது. அதை ஒட்டி நமது சுவர் இதழுக்கு "கூட்டுச் சராசரி, இடைநிலை அளவு, முகடு – எதை எப்போது பயன்படுத்த வேண்டும்?" என்று ஒரு பக்கம் எழுதித் தரும்படி கணக்கு டீச்சர் கேட்டாங்க. ஒரு பக்கம் என்று தொடங்கியது நாலு தாளாகிவிட்டது. பசை வாங்கித் தந்த வகுப்புத் தலைவி மன்னிக்க வேண்டும்!

மூன்று வரையறையையும் மூன்று எடுத்துக்காட்டையும் புத்தகத்தைப் பார்த்து எழுதியிருக்கலாம். ஆனால் சராசரியைத் தப்பாக எடுத்து என் வீட்டையே ஒரு வருடம் திண்டாட வைத்தவள் நான். அதை விட்டுவிட்டு வேறு எடுத்துக்காட்டு தேட எனக்கு மனசு வரவில்லை.

எங்கள் அப்பா ரப்பர் பால் வெட்டுகிறவர். விடியும் முன்பே தலையில் லைட் கட்டிக்கொண்டு தோட்டத்துக்குப் போய்விடுவார். வெட்டு நடந்தால்தான் கூலி. மழை பெய்தால் பட்டை நனைந்து, பால் சிரட்டைக்கு வராமல் மரத்தோடு வழிந்து போகும். சிரட்டையில் விழுந்த பாலிலும் மழைத்தண்ணி கலந்துவிடும். ஆகவே மழை நாளில் வெட்டு கிடையாது. பிப்ரவரி, மார்ச்சில் மரம் இலை உதிர்த்துத் துளிர்க்கும். அப்போது மரத்துக்கு ஓய்வு, எங்கள் வீட்டுக்குப் பஞ்சம். அம்மா அண்டியாபீசுக்குப் போகிறாங்க. அந்தக் கூலி தம்பிக்கும் வீட்டு வாடகைக்கும் சரியாகப் போய்விடும்.

போன வருடம் தொடக்கத்தில் அக்காவை நர்சிங் படிப்பில் சேர்க்கக் கடன் எடுக்க வேண்டி வந்தது. கடன் தருகிறவர்கள் கேட்ட முதல் கேள்வி, "மாசம் எவ்வளவு கட்ட முடியும்?" என்பதுதான். அப்பா என்னைப் பார்த்தார். பத்தாம் வகுப்புக் கணக்கில் நல்ல மார்க் வாங்கியிருந்த பெருமை எனக்கு. அப்பாவின் கூலியை எழுதி வைக்கும் நோட்டை எடுத்தேன்.

நோட்டில் உள்ளதை அப்படியே சுவரில் ஒட்ட அப்பா சம்மதிக்கவில்லை. "நம்ம வரும்படிய ஊருக்கு எழுதிப் போடணுமா மக்களே?" என்று கேட்டார். நியாயம்தான். அதனால் கீழே உள்ள எண்களை நானே மாற்றி முழு எண்களாக்கியிருக்கிறேன். ஏறி இறங்கும் போக்கு மட்டும் அதேதான்.

ஜனவரி 14,000, பிப்ரவரி 4,000, மார்ச் 3,000, ஏப்ரல் 8,000, மே 9,000, ஜூன் 4,000, ஜூலை 6,000, ஆகஸ்ட் 9,000, செப்டம்பர் 11,000, அக்டோபர் 7,000, நவம்பர் 5,000, டிசம்பர் 22,000.

டிசம்பரில் எப்படி 22,000 என்று கேட்பீர்கள். நல்ல பால் கிடைக்கும் மாதம் அது. அதோடு கிறிஸ்துமசுக்கு முதலாளி தரும் போனசும், வருடம் முழுக்கச் சேர்த்து வைத்த ஒட்டுப்பால் விற்றதில் அப்பாவின் பங்கும் சேர்ந்து வரும்.

நான் என்ன செய்தேன்? பன்னிரண்டையும் கூட்டினேன்: 1,02,000. பன்னிரண்டால் வகுத்தேன்: 8,500. அப்பா கூலியிலிருந்து வீட்டுச் செலவுக்கு மாதம் 5,500 வேண்டும். மீதி 3,000. "மாசம் மூவாயிரம் தாராளமா கட்டலாம்" என்று சொன்னேன். அப்படியே எழுதிக் கையெழுத்தும் ஆனது.

ஜனவரி தவணை கட்டினோம். பிப்ரவரி தவணையை ஜனவரி மிச்சத்தில் கட்டினோம். மார்ச்சில் கைமாத்து. ஜூனில் இடவப்பாதி மழை பிடித்தது, அம்மாவின் கம்மல் அடகுக் கடைக்குப் போனது. நான் அந்தக் கம்மலைப் பார்க்காமல் இருக்க, அம்மா தலையைத் திருப்பும்போதெல்லாம் வேறு பக்கம் பார்த்தேன். (இல்லாத கம்மலைப் பார்க்காமல் இருப்பது எப்படி என்று யோசிக்காதீர்கள். அப்படித்தான் இருந்தது.)

ஒரு நாள் ராத்திரி அப்பா கோபமே இல்லாமல் கேட்டார்:

"மக்களே, நீ சொன்ன எட்டாயிரத்தி ஐநூறு எந்த மாசம் வந்தது?"

நோட்டைப் புரட்டினேன். பன்னிரண்டு மாதத்தில் ஒரு மாதம்கூட 8,500 வரவில்லை!

மறுநாள் டீச்சரிடம் போய், "கூட்டுச் சராசரி தப்பான அளவா டீச்சர்?" என்று கேட்டேன். அவங்க நோட்டைப் பார்த்துவிட்டு, "விடை சரியாத்தான் இருக்கு. இது எந்தக் கேள்விக்கு விடைன்னு பாத்தியா?" என்றாங்க. இந்தக் கட்டுரை முழுவதும் அந்தக் கேள்வியின் பின்னால்தான் போகிறது.

கூட்டுச் சராசரி என்றால் என்ன? கூட்டி வகுப்பது என்பது செய்முறைதான். அதன் பொருள் சமப் பங்கு. வருடம் முழுவதும் வந்த பணத்தை ஒரே பெட்டியில் கொட்டி, பன்னிரண்டு மாதத்துக்கும் ஏற்றத்தாழ்வு இல்லாமல் பங்கிட்டால் ஒரு மாதத்துக்கு என்ன வரும் என்பதே அது. 8,500-க்குக் கீழே உள்ள ஏழு மாதங்களின் குறைவைக் கூட்டிப் பாருங்கள்: 22,500. மேலே உள்ள ஐந்து மாதங்களின் மிச்சத்தைக் கூட்டிப் பாருங்கள்: அதுவும் 22,500. தராசின் இரண்டு தட்டும் சமமாக நிற்கிற இடம்தான் கூட்டுச் சராசரி. ஆனால் அந்த மிச்சத் தட்டில் டிசம்பர் ஒன்றே 13,500-க்கு உட்கார்ந்திருக்கிறது. ஒரு தடியன் ஒரு பக்கம் உட்கார, ஏழு பிள்ளைகள் மறுபக்கம் தொங்குகிற மாதிரி.

ஆகவே "வருடத்தில் மொத்தம் எவ்வளவு தேறும்?" என்று கேட்டால் கூட்டுச் சராசரிதான் சரி. 8,500-ஐப் பன்னிரண்டால் பெருக்கினால் மொத்தம் திரும்பக் கிடைக்கும். மற்ற இரண்டு அளவுகளுக்கும் இந்தத் திறமை கிடையாது. ஒரு குடும்பத்துக்கு வருடத்துக்கு எத்தனை மூட்டை அரிசி வேண்டும், ஒரு தோட்டத்தில் மொத்தம் எத்தனை கிலோ ஷீட்டு கிடைக்கும் என்பதற்கெல்லாம் இதைத்தான் எடுக்க வேண்டும். யாராவது "சராசரி ஏமாற்று வேலை" என்று சொன்னால் நம்பாதீர்கள்.

ஆனால் "சாதாரணமா ஒரு மாசம் எப்படி இருக்கும்?" என்பது வேறு கேள்வி. அதற்கு எண்களை ஏறுவரிசையில் நிறுத்த வேண்டும், அசெம்பிளியில் நம்மை உயரப்படி நிறுத்துவது போல:

3,000, 4,000, 4,000, 5,000, 6,000, 7,000, 8,000, 9,000, 9,000, 11,000, 14,000, 22,000.

நடுவில் நிற்பவர் யார்? பன்னிரண்டு இரட்டை எண் ஆனதால் நடுவில் இருவர், ஆறாவதும் ஏழாவதும். 7,000, 8,000 இரண்டுக்கும் நடுவே 7,500. இதுதான் இடைநிலை அளவு. பாதி மாதங்கள் இதற்குக் கீழே, பாதி மாதங்கள் மேலே.

இதன் குணம் என்னவென்றால், கடைசியில் நிற்பவர் எவ்வளவு உயரம் என்று இது கவலைப்படாது. முதலாளிக்கு மனசு நிறைந்து டிசம்பரில் 40,000 வந்தது என்று வைத்துக்கொள்வோம். மொத்தம் 1,20,000 ஆகும், கூட்டுச் சராசரி ஒரே தாவில் 10,000-க்குப் போய்விடும். பிப்ரவரியில் எங்கள் அடுப்புக்கு அதனால் ஏதாவது மாற்றம் உண்டா? இல்லை. இடைநிலை அளவு 7,500-லேயே அசையாமல் நிற்கும். ஒரு சில பெரிய எண்கள் ஒரு பக்கமாக இழுக்கிற இடங்களில், அதாவது வருமானம், நிலம், வீட்டு விலை போன்றவற்றில், இடைநிலை அளவைத் தேடுவது இதனால்தான். நம் நாட்டு நில உடைமையே நல்ல உதாரணம். 2015-16 வேளாண் கணக்கெடுப்பின்படி ஒரு உடைமையின் சராசரி அளவு 1.08 ஹெக்டேர். ஆனால் உடைமைகளில் 86 சதவீதம் இரண்டு ஹெக்டேருக்குக் குறைந்தவை. அவை எல்லாம் சேர்ந்தும் மொத்த நிலத்தில் பாதியைக்கூடத் தொடவில்லை. மிச்சமுள்ள பெரிய துண்டுகள்தான் சராசரியை மேலே தூக்கி நிறுத்துகின்றன.

இந்த இரண்டு அளவுகளில் எது மேல் என்று நூறு வருடத்துக்கு முன்பே ஒரு சுவாரசியமான சண்டை நடந்திருக்கிறது. 1906-ல் இங்கிலாந்தில் பிளிமத் என்ற ஊரில் கால்நடைக் கண்காட்சி. (நம்ம வாவுபலிப் பொருட்காட்சி போல என்று வைத்துக்கொள்ளுங்களேன்.) அங்கே ஒரு கொழுத்த மாட்டை நிறுத்தி, அதை வெட்டிச் சுத்தம் செய்தால் இறைச்சி எத்தனை பவுண்டு தேறும் என்று ஊகிக்கும் போட்டி. ஆறு பென்சுக்கு ஒரு சீட்டு. பிரான்சிஸ் கால்டன் என்ற அறிஞர் அந்தச் சீட்டுகளை வாங்கி ஆராய்ந்தார். தெளிவாக இருந்தவை 787. அவற்றை வரிசைப்படுத்தி நடுச் சீட்டை எடுத்தார்: 1,207 பவுண்டு. உண்மையான எடை என்று அவர் குறித்தது 1,198. ஒரு சதவீதம்கூட வித்தியாசம் இல்லை! 1907-ல் 'நேச்சர்' இதழில் இதை எழுதினார்.

ஏன் நடுச் சீட்டு? அதே வருடம் எழுதிய இன்னொரு கடிதத்தில் காரணம் சொல்கிறார். நஷ்டஈடு எவ்வளவு என்று தீர்மானிக்கும் நடுவர் குழுவில், கூட்டி வகுத்தால் ஒரே ஒரு கிறுக்கர் தாறுமாறான தொகையைச் சொல்லி முடிவையே இழுத்துவிட முடியும். நடு எண்ணை எடுத்தால் ஆளுக்கு ஒரு வாக்கு, அவ்வளவுதான். எனக்கு இந்த வாதம் மிகவும் பிடித்தது. நம் வகுப்பில் சுற்றுலாவுக்கு ஆளுக்கு எவ்வளவு போடலாம் என்று கேட்டபோது ஒருத்தி "ஐயாயிரம்" என்று சொல்லி எல்லாரையும் கலங்க வைத்தது ஞாபகம் இருக்கிறதா?

ஆனால் கதை முடியவில்லை. கூட்டுச் சராசரி என்ன என்று கேட்டவர்களுக்குக் கால்டன் கணக்குப் போட்டுச் சொன்னார்: 1,197. அதாவது அவர் ஒதுக்கிய அளவுதான் உண்மைக்கு இன்னும் பக்கத்தில் இருந்தது! அந்தக் கூட்டத்தில் பெரிய கிறுக்கர்கள் இல்லை, கூட்டி ஊகித்தவர்களும் குறைத்து ஊகித்தவர்களும் ஒருவரை ஒருவர் சரிக்கட்டிவிட்டார்கள். ஆகவே "இடைநிலை அளவுதான் எப்போதும் நேர்மையானது" என்று சொல்பவர்களையும் கொஞ்சம் தள்ளி நின்றே கேட்க வேண்டும்.

இங்கே இன்னொன்று. தனியாகத் துருத்தி நிற்கிற எண்ணைக் கண்டதும் சிலர் அதை அடித்துவிட்டுக் கணக்குப் போடுவார்கள். அடிப்பதற்கு முன் அது எழுத்துப்பிழையா, உண்மையா என்று பார்க்க வேண்டும். 22,000 என்பதற்கு 2,20,000 என்று நான் தவறாக எழுதியிருந்தால் திருத்த வேண்டியதுதான். ஆனால் 2017 நவம்பர் 30-ஐ நினைத்துப் பாருங்கள். ஒக்கிப் புயலில் நம் மாவட்டத்தில் ரப்பரும் வாழையும் தோட்டம் தோட்டமாகச் சாய்ந்தன. கடலுக்குப் போனவர்கள் பலர் திரும்பவில்லை. காற்றின் வேகத்தைத் தினம் தினம் எழுதி வைத்த பட்டியலில் அந்த ஒரு நாள் தனியாகத்தான் நிற்கும். அதை அடித்துவிட்டால் பட்டியல் அழகாகும், ஆனால் எச்சரிக்கை செய்ய அதுதானே வேண்டும்? நம் குழித்துறை சப்பாத்தைப் பாருங்கள். வருடத்தில் பெரும்பாலான நாள் அதன்மேல் ஆட்கள் நடக்கிறார்கள். பேச்சிப்பாறை, பெருஞ்சாணியில் தண்ணீர் திறந்துவிட்டால் பாலமே தெரியாது. சராசரி நீர்மட்டத்தைச் சொல்லி யாரையாவது அன்றைக்கு நடக்கச் சொல்ல முடியுமா? அங்கே மையமே வேண்டாம், உச்சம்தான் வேண்டும்.

இனி முகடு. அதிக முறை வருவது எதுவோ அது. பாடத்தில் இதற்குக் குறைந்த மார்க், குறைந்த மரியாதை. ஆனால் மார்த்தாண்டம் சந்தையில் பழக்கடை வைத்திருப்பவரிடம் கேளுங்கள். அவர் கடையில் ஏத்தன், செந்துளுவன், மட்டி, ரசகதலி, பேயன் எல்லாம் தொங்கும். நாளைக்கு எதை அதிகம் இறக்க வேண்டும்? மட்டியையும் செந்துளுவனையும் கூட்டி இரண்டால் வகுத்தால் என்ன பழம் வரும்? பழங்களை ஏறுவரிசையில்தான் நிறுத்த முடியுமா? (மட்டிக்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்தது, அதனால் முதலில் நிறுத்தலாம் என்று ஒருத்தி சொன்னாள்.) எண்ணாக இல்லாமல் வகையாக இருக்கிற எதற்கும் முகடு ஒன்றுதான் கதி. செருப்புக் கடையிலும் அப்படியே. வந்தவர்களின் கால் அளவைக் கூட்டி வகுத்தால் 7.3 வரலாம். 7.3 நம்பர் செருப்பை எந்தக் கம்பெனி செய்கிறது?

முகட்டுக்கு இன்னொரு உபயோகம் உண்டு. கூட்டத்தில் இரண்டு கூட்டம் ஒளிந்திருந்தால் அது காட்டிக்கொடுக்கும். எங்கள் நோட்டில் 4,000 இரண்டு முறை, 9,000 இரண்டு முறை. பன்னிரண்டே எண்களில் இதைப் பெரிதாக நம்பக்கூடாதுதான். ஆனாலும் என்னவோ சொல்ல வருகிறது அல்லவா? வெட்டு நடக்காத மாதம் ஒரு ஜாதி, நடக்கிற மாதம் ஒரு ஜாதி.

இதற்கு நம் மாவட்டத்து மழையைவிட நல்ல உதாரணம் கிடைக்காது. தமிழ்நாட்டின் பெரும்பகுதிக்கு வடகிழக்குப் பருவமழைதான் பெரிது. கேரளத்துக்குத் தென்மேற்கு. நமக்கோ இரண்டும்! ஜூனில் ஒரு முகடு, அக்டோபர்-நவம்பரில் ஒரு முகடு. இரண்டு மேட்டுக்கும் நடுவில் ஆகஸ்ட் பள்ளம். இப்போது ஒருவர் "குழித்துறையில் சராசரியாக எந்த மாதம் மழை பெய்யும்?" என்று மாதங்களின் எண்ணை எடுத்துக் கூட்டி வகுத்தால், விடை அந்தப் பள்ளத்தை ஒட்டித்தான் வரும். குடை தேவைப்படாத மாதத்தைக் காட்டி இதுதான் மழைக்காலம் என்று சொன்ன கதையாகும். இரண்டு முகடு தெரிந்தால் ஒரே மையத்தைத் தேடாமல் இரண்டாகப் பிரித்துப் பார்ப்பதே நல்லது.

மழை என்றதும் செய்தியில் வரும் "இயல்பான மழை" என்ற சொல் நினைவுக்கு வருகிறது. இந்திய வானிலை ஆய்வுத் துறை சொல்லும் அந்த இயல்பும் நீண்ட காலக் கூட்டுச் சராசரிதான். ஜூன் முதல் செப்டம்பர் வரை நாடு முழுவதற்கும் 87 சென்டிமீட்டர் என்பது 1971 முதல் 2020 வரையான ஐம்பது வருடத்துச் சராசரி. அதற்கு முன் 1961-2010 கணக்கில் 88 ஆக இருந்தது. ஒரு மாவட்டத்தில் இயல்பைவிட 19 சதவீதம் கூடினாலும் குறைந்தாலும் "இயல்பு" என்றே சொல்வார்கள்.

அணைக்கு எவ்வளவு தண்ணீர் வரும், குளம் நிறையுமா என்று பார்ப்பவர்களுக்கு இது சரியான அளவு. ஏனென்றால் அவர்களுக்கு மொத்தம்தான் வேண்டும், எந்த நாளில் பெய்த மழையும் குளத்தில் சேர்ந்துவிடும். ஆனால் அப்பாவுக்கு? மதியம் மூன்று மணிக்கு மேல் வானம் பொத்துக்கொண்டு பத்து சென்டிமீட்டர் ஊற்றினாலும், அன்றைக்கு வெட்டு முடிந்து ஷீட்டும் அடித்தாகிவிட்டது. அடுத்த நாள் பட்டை காய்ந்திருந்தால் நஷ்டமில்லை. அதற்குப் பதில் விடியற்காலை சிணுசிணு என்று சாரல் அடித்தால் மழைமானியில் ஒன்றுமே பதிவாகாமல் போகலாம், ஆனால் அன்றைய கூலி போச்சு. வானிலைத் துறை ஒரு நாளை "மழை நாள்" என்று எண்ண 2.5 மில்லிமீட்டராவது பெய்திருக்க வேண்டும். அப்பாவின் கணக்கில் பட்டை நனைந்தாலே மழை நாள்.

"எத்தனை சென்டிமீட்டர்னு எனக்கு வேண்டாம். எத்தனை காலைன்னு சொல்லு" என்றார் அப்பா. எந்த மையம் என்று தேர்ந்தெடுப்பதற்கு முன்னால் எதை அளப்பது என்று ஒரு தேர்வு இருக்கிறது என்பதை எனக்குச் சொல்லித் தந்தது அந்த ஒரு வரிதான். இப்போது நோட்டில் கூலியோடு ஒரு புதுக் கட்டமும் போட்டிருக்கிறேன்: இந்த மாதம் வெட்டு நடந்த காலைகள் எத்தனை.

சரி, எங்கள் தவணைக் கணக்குக்கு வருவோம். கூட்டுச் சராசரியால் கெட்டேன், அப்படியானால் இடைநிலை அளவை எடுத்திருந்தால் தப்பித்திருப்பேனா? நானும் அப்படித்தான் நினைத்தேன். 7,500-லிருந்து 5,500 போனால் 2,000 தவணை. பெருமையாக டீச்சரிடம் காட்டினேன். "இடைநிலை அளவுக்குக் கீழ எத்தனை மாசம் இருக்கும்?" என்று கேட்டாங்க. பாதி. அதன் இலக்கணமே அதுதானே! ஆறு மாதம் அந்தந்த மாதக் கூலியில் 2,000 கட்ட முடியாது. மூவாயிரமாக இருந்தபோது ஏழு மாதம் முடியவில்லை, இப்போது ஆறு மாதம். ஒரே ஒரு மாதம்தான் லாபம். முகட்டை எடுத்தால்? 4,000-ஐ எடுத்தால் வீட்டுச் செலவுக்கே பற்றாது, 9,000-ஐ எடுத்தால் முன்பைவிட மோசம்.

மாதாமாதம் தவறாமல் கட்ட வேண்டும் என்பது மையத்தைப் பற்றிய கேள்வியே இல்லை. மாதங்கள் எந்த வரிசையில் வருகின்றன என்பதும் அதில் சேர்ந்திருக்கிறது. மூன்று அளவுகளும் வரிசையை மறந்துவிடும். ஜனவரியையும் ஜூனையும் இடம் மாற்றி எழுதினாலும் மூன்றும் அப்படியே இருக்கும். வீட்டில் அடுப்பு அப்படி இருக்காது.

ஆகவே டீச்சர் சொன்னபடி ஒரு ஓட்டக் கணக்கு போட்டேன். ஒவ்வொரு மாதக் கூலியிலும் 5,500 செலவும் 3,000 தவணையும் கழித்து, மிச்சத்தையோ துண்டையோ அடுத்த மாதத்துக்குக் கொண்டுபோவது. நாங்கள் தொடங்கியது ஜனவரியில், கையில் எதுவும் இல்லாமல். ஜனவரி முடிவில் 5,500 மிச்சம். பிப்ரவரியில் 1,000 ஆகச் சுருங்கியது. மார்ச்சில் 4,500 துண்டு. ஏப்ரலில் 5,000 துண்டு, மே மாதம் 4,500. ஜூனில் 9,000, ஜூலையில் 11,500. ஆகஸ்ட், செப்டம்பரில் கொஞ்சம் மூச்சு விட்டு 8,500-க்கு வந்தது. அக்டோபரில் 10,000. நவம்பர் முடிவில் 13,500 துண்டு. டிசம்பரில் வந்த 22,000-இல் எல்லாம் அடைந்து சரியாகப் பூஜ்யம்! பாருங்கள், என் கூட்டுச் சராசரி வருடக் கடைசியில் ஒரு ரூபாய் பிசகாமல் சரியாகத்தான் இருந்தது. நடுவில் கைமாத்தும் வட்டியும் கம்மலும்தான் அந்தக் கணக்கில் இல்லை.

அடுத்தது டீச்சர் சொல்லாமல் நானே செய்தது. அதே 3,000 தவணையை டிசம்பரில் தொடங்கினால்? டிசம்பர் முடிவில் 13,500 மிச்சம். ஜனவரியில் 19,000. பிப்ரவரியில் 14,500, மார்ச்சில் 9,000, ஏப்ரலில் 8,500, மே மாதம் 9,000. இடவப்பாதி ஜூனில் 4,500, ஜூலையில் 2,000. ஆகஸ்டில் 2,500, செப்டம்பரில் 5,000, அக்டோபரில் 3,500. நவம்பரில் பூஜ்யம். ஒரு மாதம்கூடத் துண்டு விழவில்லை! அதே கூலி, அதே செலவு, அதே 8,500. டிசம்பர் பணம் செலவாகாமல் பெட்டியில் இருந்தால் போதும்.

இதை அப்பாவிடம் காட்டினேன். நோட்டை வாங்கி, விரலால் ஒவ்வொரு வரியாகத் தொட்டுக்கொண்டே போனார். ஜூலைக்கு வந்ததும் நிறுத்தினார்.

"ரெண்டாயிரம்தான் இருக்கு. ஒரு பத்து காலை கூட மழ பெஞ்சா?"

"மைனஸ் ஆயிரும் அப்பா."

"அப்போ போனசுல ஒரு பவுனாவது அம்மைக்கு வாங்கி வெச்சிரணும்னு நான் நெனச்சது நடக்காது" என்று சிரித்தார்.

டிசம்பரில் முதலில் கம்மலை மீட்டோம். கைமாத்தையும் கொடுத்துத் தீர்த்தோம். ஆகவே இந்த வருடமும் பெட்டியில் வைக்க ஒன்றும் மிஞ்சவில்லை, இதோ மறுபடியும் ஜூன். ஆனால் இந்த முறை கடன் கொடுத்தவர்களிடம் அப்பா நோட்டோடு போனார். மழை மாதங்களில் குறைத்தும், டிசம்பர், ஜனவரியில் கூட்டியும் கட்ட முடியுமா என்று கேட்டிருக்கிறார். யோசித்துச் சொல்வதாகச் சொல்லியிருக்கிறார்கள்.

வாசகர்களுக்கு ஒரு கேள்வி: மேலே உள்ள நோட்டுக் கணக்கில், கையில் காசு இல்லாமல் 3,000 தவணையைத் தொடங்கி, ஒரு மாதமும் துண்டு விழாமல் வருடத்தை முடிக்க டிசம்பரைத் தவிர வேறு மாதம் உண்டா? பதினொரு மாதங்களையும் தனித்தனியாகச் சோதிக்காமலேயே சொல்ல ஒரு வழி இருக்கிறது. கண்டுபிடித்தவர்கள் பெயர், வகுப்பு எழுதி நூலகத்தின் வெளியே உள்ள பெட்டியில் போடவும். விடை அடுத்த இதழில்.